ஃபில்டரை அணைக்கறதுக்கு முன்னாடி அந்த ஒரு வரியைப் படிங்க

மக்களே, முதல்ல ஒரு ஒப்புதல் வாக்குமூலம். நீங்க நமக்குக் கட்டுரை அனுப்புற பக்கத்தைப் போன செமஸ்டர்ல புது சர்வருக்கு மாத்தினது நான்தான். ராத்திரி ஒரு மணிக்கு என்ஜின்எக்ஸ் ஸ்டார்ட் ஆகலை. 'லிப்மாட்செக்யூரிட்டி.எஸ்ஓ.3' கோப்பைத் திறக்க முடியலைன்னு ஒரு வரி வந்துச்சு. ஃபில்டரை ஏத்துற வரிகளுக்கு முன்னாடி ஹேஷ் போட்டேன். தளம் எழுந்துச்சு. தூங்கிட்டேன். அப்புறம் பதினோரு நாள் காவல் இல்லாமலே ஓடுச்சு. எனக்கே மறந்து போச்சு.

திருச்செங்கோட்டுல ரிக் வண்டி மெக்கானிக்கா இருக்கற எங்க மாமாகிட்ட இதைச் சொன்னப்ப அவர் சிரிச்சார். "எச்சரிக்கை லைட் எரியுதுன்னு பல்பைப் புடுங்கறவனும் இருக்கறான் மாப்ள." அன்னிக்கு நான் பண்ணதும் அதேதான்.

மாட்செக்யூரிட்டி, தளத்துக்கு வர்ற ஒவ்வொரு கோரிக்கையையும் விதிகளோட ஒப்பிட்டுப் பார்த்து, சந்தேகமானதைத் தடுக்கற ஃபில்டர். 2002-ல இவான் ரிஸ்டிச் அப்பாச்சிக்காக எழுதினது. 2024 ஜனவரியில இருந்து ஓவாஸ்ப் அமைப்பு பராமரிக்குது. மூணாவது வெர்ஷன்ல அது ஒரு தனி ஷேர்டு லைப்ரரி ஆயிடுச்சு.

ஷேர்டு லைப்ரரின்னா என்ன? நாமக்கல் லாரி பட்டறையை நினைச்சுக்கோங்க. எந்த லாரியும் எல்லா ஸ்பேரையும் தூக்கிட்டு ஓடறதில்லை. வேணும்கிறப்ப கடையில எடுத்து மாட்டறாங்க. கடைக்காரர் முதல்ல கேக்கறது பார்ட் நம்பர். புரோகிராமும் அப்படித்தான். அது ஸ்டார்ட் ஆகும்போது லோடர்னு ஒருத்தர் தனக்குத் தெரிஞ்ச கடைகள்ல மட்டும் அந்த எஸ்ஓ கோப்பைத் தேடுவார். பேர்ல இருக்கற 3-தான் பார்ட் நம்பர். அது மாறினா போல்ட் ஓட்டை பொருந்தாது.

என் கேஸ்ல கோப்பு டிஸ்க்லயே இருந்துச்சு. சோர்ஸ்ல இருந்து கம்பைல் பண்ணதால, லோடருக்குத் தெரியாத ஒரு ஃபோல்டர்ல உக்காந்திருந்துச்சு. மாடியூல் மேல 'எல்டிடி' கமாண்டை ஓட்டினா எது கிடைக்கலைன்னு அதுவே காட்டும். அந்த ஃபோல்டரை லோடரோட பட்டியல்ல சேர்த்து 'எல்டிகான்ஃபிக்' ஓட்டினேன். அஞ்சு நிமிஷ வேலை. இதுவே 'பைனரி கம்பேட்டிபிள் இல்லை'ன்னு வந்தா நோய் வேற: என்ஜின்எக்ஸை கம்பைல் பண்ண ஆப்ஷன்களும் மாடியூலோட ஆப்ஷன்களும் பொருந்தலைன்னு அர்த்தம், மாடியூலைப் பொருந்தற ஆப்ஷன்களோட திரும்ப கம்பைல் பண்ணணும். தயவுசெஞ்சு ஏதோ ஒரு லிங்க்ல இருந்து எஸ்ஓ கோப்பை இறக்கிப் போட்டுடாதீங்க. லோட் ஆன லைப்ரரிக்கு அந்த புரோகிராமோட எல்லா அதிகாரமும் வந்துடும். 2024 மார்ச்சுல எக்ஸ்இசட் லைப்ரரிக்குள்ள யாரோ ஒளிச்சு வெச்ச கள்ளவாசலை ஆன்ட்ரெஸ் ஃபிராய்ண்ட் எப்படிக் கண்டுபிடிச்சார்? எஸ்எஸ்ஹெச் லாகின் அரை விநாடி லேட்டாச்சு. அதை அவர் 'சரி, விடு'ன்னு விடலை.

ஃபில்டர் திரும்ப வந்ததும் அடுத்த கூத்து. இங்கிலீஷ்ல டெஸ்ட் பண்ணா போகுது, தமிழ்க் கட்டுரை அனுப்பினா 403! மறுபடியும் ஹேஷ் போடத்தான் கை போச்சு. இந்தத் தடவை லாகைத் திறந்தேன். யூடிஎஃப்-8-ல நம்ம எழுத்துக் குறி ஒவ்வொண்ணும் 3 பைட். 'தமிழ்'ங்கிற சொல்லுக்கு 15 பைட். கோர் ரூல் செட்ல 942460-ங்கிற விதி, ஆங்கில எழுத்தோ எண்ணோ அடிக்கோடோ இல்லாத நாலு பைட் வரிசையா வந்தாலே சந்தேகப்படும். அப்ப நம்ம மொழியில ரெண்டு எழுத்து அடிச்சாலே மாட்டிக்குவோம்! இது மாதிரி சில விதிகளோட மதிப்பெண் சேர்ந்து எல்லையைத் தாண்டினா கதவு மூடிடும். பழைய கான்ஃபிக்ல யாரோ 'பாரனாய்யா லெவலை' 3-னு வெச்சிருந்தாங்க. கூட வெச்சா கூடப் பாதுகாப்புன்னு நினைச்சிருப்பாங்க போல. இயல்பா இருக்க வேண்டிய அளவு 1.

லெவலைக் குறைக்கலாம். இல்லைன்னா கட்டுரைக் கட்டத்துக்கு மட்டும் அந்த விதிகளை விலக்கலாம். புது விதிகளை முதல்ல 'டிடெக்‌ஷன் ஒன்லி'யில ஓட விட்டா, தடுக்காம லாக்ல மட்டும் எழுதும். இத்தனை வழி இருக்கும்போது மொத்தமா அணைக்கறது சோம்பேறித்தனம்தான்.

"டெட்லைன் இருக்குடா, தளம் எழணும்"னு சொல்வீங்க. நியாயம்தான். அவசரத்துக்கு அணைச்சா, எப்ப அணைச்சீங்க, யார் திரும்பப் போடணும்னு அங்கேயே எழுதி வைங்க. நம்ம புராஜெக்ட் ரிவ்யூல எல்லாரும் கேக்கறது "அவுட்புட் வருதா?" மட்டும்தான். ஃபில்டர் இல்லாமலும் அவுட்புட் வரும், இன்னும் வேகமாவே வரும். அதனாலதான் இந்தப் பழக்கம் நம்மகிட்ட ஒட்டிக்குது.

இன்னொண்ணு. தமிழைத் தாக்குதல்னு நினைக்கற விதியைத் தமிழ்ல டைப் பண்றவங்கதான் கண்டுபிடிக்க முடியும். கோர் ரூல் செட் ஓப்பன் சோர்ஸ். தவறான தடுப்பைப் புகாரா எழுதினா வாங்கிக்கறாங்க. நாம சத்தமில்லாம ஃபில்டரை அணைச்சுட்டுப் போயிட்டா, அடுத்த தமிழ்த் தளத்துக்கும் அதே 403-தான்.

என் லாக்ல மாட்டின மூணு விதிகளை எடுத்து வெச்சிருக்கேன். இந்த வாரம் எழுதி அனுப்பப் போறேன். உங்க சர்வர்ல ஏதாவது மாட்டியிருந்தா கொண்டு வாங்க, சேர்ந்தே அனுப்பலாம்.