இயற்கை மருந்தா, இயற்கை விஷமா?

மழை பொய்த்து வாடி நிற்கும் இளஞ்சோளப் பயிரில் எந்தக் குடியானவனும் மாட்டை மேயவிட மாட்டான். மேய்ந்த மாடு சிறிது நேரத்தில் மூச்சுத் திணறி விழும். கசப்பு மரவள்ளியைச் சீவி, ஊறவைத்து, வேகவைத்து, தண்ணீரைக் கொட்டிவிட்டுத்தான் ஏழைகள் தின்கிறார்கள். இரண்டிலும் இருப்பது சயனைடு. உடம்பின் அணுக்கள் பிராணவாயுவைப் பயன்படுத்தவிடாமல் தடுக்கும் விஷம் அது. ரத்தத்தில் பிராணவாயு இருந்தும் உயிர் போகும்.

குளிர்நாடுகளில் விளையும் ஆப்ரிகாட் பழத்தின் கொட்டைக்குள் இருக்கும் பருப்பிலும், கசப்பு வாதுமையிலும் இதே விஷம் மறைந்திருக்கிறது. அதை அடக்கி வைத்திருக்கும் பொருளுக்கு அமிக்டலின் என்று பெயர். 1830-ல் பிரெஞ்சு ரசாயனிகள் அதைப் பிரித்தெடுத்தார்கள். அமெரிக்காவில் அதையேதான் புற்றுநோய்க்கு மருந்து என்று விற்றார்கள்!

1950-களில் கலிபோர்னியாவில் கிரெப்ஸ் என்ற தகப்பனும் மகனும் அமிக்டலினைச் சற்றே மாற்றி, 'லேட்ரில்' என்று பெயர் சூட்டினார்கள். மகன் வைத்தியப் பட்டம் பெறாதவர். 1953-லேயே கலிபோர்னிய வைத்தியர் சங்கத்தின் குழு ஆராய்ந்து, இதனால் பயனில்லை என்றது. மருந்து என்றால் சர்க்கார் நிரூபணம் கேட்கிறது. என்ன செய்தார்கள்? மருந்தல்ல, 'வைட்டமின் பி17' என்றார்கள்! அப்படி ஒரு வைட்டமின் கிடையாது. அதில்லாமல் எவருக்கும் எந்த நோயும் வந்ததில்லை. பெயரை மாற்றிச் சட்டத்துக்குத் தப்பும் வியாபாரத் தந்திரம் இது.

இதற்குப் பல்லக்குத் தூக்க வந்தது யார்? 1972-ல் 'புற்றுநோய் சிகிச்சையில் தெரிவுச் சுதந்திரக் குழு' தோன்றிற்று. முன்னின்றவர்களில் பலர் ஜான் பர்ச் சங்கத்தார். ஜனாதிபதி ஐசனோவரையே கம்யூனிஸ்ட் கையாள் என்று தூற்றியவர் அந்தச் சங்கத்தின் ஸ்தாபகர். தொழிலாளிக்குச் சங்கம் வைக்கும் சுதந்திரம் என்றால் முகம் சுளிக்கும் கூட்டம், விஷத்தை விற்பதற்குச் சுதந்திரம் கேட்டது. இருபதுக்கு மேற்பட்ட மாநிலங்கள் இணங்கின. மெக்சிகோ எல்லையோர ஊரான டிஹுவானாவில் ஆஸ்பத்திரிகள் முளைத்தன. லேட்ரில் எல்லை தாண்டிக் கடத்தப்பட்டது.

ஜனங்கள் ஏன் நம்பினார்கள்? அவர்களை மூடர்கள் என்று சொல்லிவிட்டுப் போவது சுலபம். அமெரிக்காவில் வைத்தியம் விலைச் சரக்கு. புற்றுநோய் வந்தால் வீட்டையும் விற்க வேண்டிவரும். பெரிய மருந்துக் கம்பெனிகளின் லாபவெறியைக் கண்டு வெறுத்தவன், அவற்றைத் திட்டுகிறவனை நண்பன் என்று நினைத்துவிடுகிறான். அந்த வெறுப்பு நியாயமானதே, நமக்கும் உண்டு. ஆனால் பெரிய முதலாளி கொள்ளையடிக்கிறான் என்பதற்காகச் சின்னக் கொள்ளைக்காரன் வைத்தியனாகிவிடுவானா?

இறுதியில் அமெரிக்கத் தேசியப் புற்றுநோய் நிலையத்தின் ஆதரவில் மேயோ கிளினிக்கும் வேறு மூன்று நிலையங்களும் சோதித்துப் பார்த்தன. 178 நோயாளிகளுக்கு, ஆதரவாளர்கள் சொன்ன பத்திய உணவோடும் வைட்டமின்களோடும் இதைக் கொடுத்தார்கள். முடிவு 1982-ல் வெளியாயிற்று. எவரும் குணமாகவில்லை; நோய் கட்டுப்படவுமில்லை. சிலரின் ரத்தத்தில் சயனைடு உயிரைப் பறிக்கும் அளவை நெருங்கியிருந்தது. ஊசியாகப் போட்டால் அபாயம் குறைவு. வாயால் விழுங்கினால் குடலில் உள்ள கிருமிகள் அதை உடைத்து விஷத்தை வெளியேற்றுகின்றன. வைட்டமின் சி-யை மிகுதியாகச் சேர்த்தால் இன்னும் மோசம். வீட்டில் விழுங்கக் கொடுப்பதோ மாத்திரைதான்!

சாகப்போகிறவனுக்குப் பாதுகாப்பு எதற்கு என்றும் வாதாடினார்கள். 1979-ல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் இதை ஏற்கவில்லை. சாகும் தறுவாயில் இருப்பவனுக்கும் சட்டத்தின் காவல் உண்டு என்றது. முதலாளித்துவக் கோர்ட்டுதான், ஆனாலும் இதைச் சரியாகவே சொன்னது.

ஸ்டீவ் மக்வீன் என்ற சினிமா நடிகரும் மெக்சிகோ போய் வேறு பலவற்றோடு லேட்ரிலும் எடுத்துக்கொண்டார். அறுவை சிகிச்சைக்குப் பின் 1980 நவம்பர் 7-ல், ஐம்பது வயதில் இறந்தார். பத்திரிகைகள் இந்த வைத்தியத்தைப் பற்றியே எழுதித் தள்ளின. அவருக்கு வந்ததோ பெரும்பாலும் கல்நார்த் தூசியால் நுரையீரல் உறையில் வரும் புற்று. ராணுவத்தில் இருந்தபோது கப்பல் குழாய்களில் கல்நாரை உரித்ததே காரணம் என்று அவரே கருதினார். அந்தத் தூசியைச் சுவாசிக்க வைத்தவர்களைப் பற்றி 'தெரிவுச் சுதந்திர' வீரர்கள் ஒரு வார்த்தை பேசினார்களா?

இன்றும் 'பி17' மாத்திரையும் ஆப்ரிகாட் பருப்பும் விற்பனையாகின்றன. பச்சைப் பருப்பில் சிறியதாக மூன்றுக்கு மேல் ஒரே வேளையில் தின்றால் பெரியவர்களுக்கே ஆகாது என்று ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு நிறுவனம் 2016-ல் எச்சரித்தது. சிறு குழந்தைக்கு ஒன்றே அதிகம். தின்ற பின் தலைவலி, தலைசுற்றல், வாந்தி, மூச்சிரைப்பு கண்டால் அதை நோயின் குணம் என்று விட்டுவிடாமல் உடனே பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வேண்டும். தின்றது இன்னதென்று டாக்டரிடம் ஒளிக்காமல் சொல்ல வேண்டும். சயனைடு விஷத்துக்கு மாற்று மருந்து உண்டு.