இரண்டு இட்லி அதிகம்



மும்பை செம்பூரிலிருந்து ஒரு மாமி கடிதம் போட்டிருந்தார். எழுபத்தாறு வயது, ஏழாவது மாடி, மகன் அமெரிக்காவில். காலையில் இட்லிக்காரரின் ஹாரன் கேட்டால் கீழே இறங்கிப் போவாராம். ‘எனக்கு இரண்டு போதும். நாலு வாங்குவேன். கட்டிக் கொடுக்க இன்னும் கொஞ்ச நேரம் ஆகுமே, அதுவரை பேசலாமே என்றுதான்.’ அதற்குமேல் படிக்க முடியாமல் கடிதத்தை மடித்து வைத்துவிட்டேன்.

அந்த இட்லி பெரும்பாலும் தாராவியில் வெந்ததாக இருக்கும். அங்கே தமிழர் சந்துகளில் பொங்கலன்று நடந்திருக்கிறீர்களா? வாசலுக்கு வாசல் அடுப்பு. ஒரு பானை பொங்கினால் சந்தே குலவையிடும். இடநெருக்கடியை நான் புகழவில்லை. பொதுக் கழிப்பறை வாசலில் காத்து நிற்கும் பெண்ணிடம் போய் அதைப் புகழ எனக்கு வாய் வராது. ஆனால் பத்து மணிவரை ஒரு கதவு திறக்கவில்லை என்றால், பக்கத்து வீட்டு அக்கா வந்து தட்டிவிடுவாள்.

ஆளைக் காணாவிட்டால் விசாரிக்கும் இந்த வழக்கம் மாட்டுங்காவுக்கும் தெரியும். டைப்ரைட்டிங், ஷார்ட்ஹேண்ட் படித்துவிட்டு ரயிலேறி வந்த பையன்களுக்கு மெஸ்தான் வீடு. ராம நாயக் 1942-ல் ஸ்டேஷன் அருகே தொடங்கிய உடுப்பி போர்டிங்கில் இன்றும் இலை போடுகிறார்கள். சண்முகானந்தா சங்கீத சபா பிறந்தது 1952-ல். 1990-ல் அரங்கம் தீக்கிரையானது. 1998-ல் மீண்டும் திறந்தார்கள். பாட்டுக்காக மட்டுமா அத்தனை பாடு? இடைவேளையில், ‘என்ன, போன வாரம் காணோமே?’ என்று கேட்க ஓர் ஆள் வேண்டுமே!

உலகில் ஆறில் ஒருவர் தனிமையில் வாடுகிறார் என்றும், மணிக்கு நூறு உயிர்கள் வரை அதனோடு தொடர்புடைய காரணங்களால் போகின்றன என்றும் உலக சுகாதார நிறுவனம் 2025-ல் சொன்னது. அந்தத் தனிமை தாராவிக்கும் வந்துவிடக் கூடாது. அங்கே மறுசீரமைப்புக்காக வீடுகளைக் கணக்கெடுக்கும் வேலை 2024-ல் தொடங்கியது; சந்துகள் இருந்த இடத்தில் அடுக்குமாடிகள் வரப்போகின்றன. வீட்டுக்குள் குழாயும் கழிப்பறையும் வரட்டும், அது அவர்கள் உரிமை. வரைபடம் போடுகிறவர்களிடம் ஒன்றே ஒன்று கேட்கிறேன்: மாடிக்கு மாடி, நாலு அடுப்பு வைக்கிற அளவுக்குப் பொது வாசல் விடுங்கள்.

மாமிக்குப் பதில் எழுதிவிட்டேன். ஞாயிறு காலை செம்பூர் வருகிறேன். நாலு இட்லியில் இரண்டு எனக்கு.

அன்புடன்,
ஆசிரியர்