கூண்டு ஜெயிலாம்... சங்கிலி மட்டும் சொர்க்கமாக்கும்?

நாய்க்குக் கூண்டு வாங்கிட்டு வந்த அன்னைக்கே பக்கத்து வீட்டு அண்ணாச்சி ஆரம்பிச்சுட்டாரு. "என்ன தம்பி, ரோட்டுல சுதந்திரமா திரிஞ்ச உசுரைக் கொண்டாந்து ஜெயில்ல போடுறீங்களே, பாவமில்லையா?"

சொன்னவர் வீட்டு வேப்பமரத்தடியில ஒரு நாய் மூணு வருஷமா நாலடிச் சங்கிலியில நிக்குது. வெயிலும் அதுக்குத்தான், மழையும் அதுக்குத்தான். (சிவகாசியில மழை எங்க பெய்யுது... அது தனிக்கதை.)

அந்தக் கடுப்புலதான் இந்தப் பதிவு.

எங்க செவலை, அடிபட்டுக் கிடந்து நாங்க தூக்கிட்டு வந்த தெருநாய். நம்ம ஊர்ல வெடிக்குத் தீபாவளி வரணும்னு இல்ல. கோயில் கொடை, கல்யாணம், சாவு எல்லாத்துக்கும் வெடிதான். நானும் பட்டாசுல சோறு திங்கிற குடும்பம், அதனால பட்டாசை ஒழிங்கன்னு சொல்ல வரலை. ஆனா கணக்கைப் பாருங்க. வெடிக்கிற இடத்துலருந்து 4 மீட்டர்ல 125 டெசிபல் வரைக்கும் சட்டமே விடுது. மனுஷக் காது 20,000 ஹெர்ட்ஸோட நின்னுடும். நாய்க்கு 40,000க்கு மேலயும் கேக்கும். நமக்கு வேடிக்கை, அதுக்கு வானம் இடிஞ்சு விழுற மாதிரி.

உண்மையைச் சொல்லிடறேன். முதல் தப்பு பண்ணவன் நான்தான். செவலை வந்த ரெண்டாம் நாளே உள்ள தள்ளி, கதவைச் சாத்திட்டு ஒரு விசேஷத்துக்குப் போயிட்டேன். தெருவுல எவனோ வெடி போட்டிருக்கான். திரும்பி வந்தா, கம்பியைக் கடிச்சு வாயெல்லாம் ரத்தம், ஒரு கோரைப்பல் உடைஞ்சு கிடக்கு. அன்னைக்கு அது ஜெயிலேதான். அண்ணாச்சி பேச்சு அந்த ஒரு நாளைக்குச் சரி.

அப்புறம் கதவையே கழட்டிட்டேன். சோறு உள்ள, பழைய போர்வை உள்ள. நான் கூப்பிடவும் இல்ல, தள்ளவும் இல்ல. மூணு வாரம் கழிச்சு அதுவா போய்ப் படுத்துச்சு. கூண்டுன்னா நிக்க, திரும்ப, கால் நீட்டிப் படுக்க இடம் இருக்கணும். துணி போட்டு மூடினாலும் ஒரு பக்கம் தொறந்திருக்கணும், நம்ம ஊரு வெக்கையில அவிஞ்சுடும். தண்டனைன்னு உள்ள போடவே கூடாது.

2018ல உச்ச நீதிமன்றம் தீபாவளிக்கு ரெண்டு மணி நேரம்னு சொல்ல, தமிழ்நாட்டுல காலையில 6-7, ராத்திரி 7-8னு பிரிச்சாங்க. சிவகாசிக்காரன் வாட்ச்சுல அந்த ரெண்டு மணி நேரம் ரெண்டு நாள் ஓடும். போன தீபாவளி பூரா செவலை கூண்டுக்குள்ளயே நடுங்கிட்டுக் கிடந்துச்சு. வாசல் தொறந்தே இருந்துச்சு, ஓடலை. அண்ணாச்சி நாய் மரத்தைச் சுத்திச் சுத்திச் சங்கிலி இறுகி, கழுத்துத் தோல் உரிஞ்சு கிடந்துச்சு. கேட்டா, "நாய்னா அப்படித்தான் தம்பி"ங்கிறாரு.

பக்கத்துலதான் ராஜபாளையம். அந்த நாய்க்கு 2005ல தபால்தலையே போட்டாங்க. பெருமையடிக்க நாய் வேணும், அது பயந்தா ஒதுங்க நாலடி இடம் குடுக்க மாட்டோம்... என்னங்க நியாயம் இது?

நாயைச் சங்கிலியில கட்டிப்போட்டுட்டு என்கிட்ட சுதந்திரம் பேச வராதீங்க. ஓடி ஒளிய இடம் இருக்கணும், வெளிய வர வழியும் இருக்கணும். அது பேரு வீடு.

டிஸ்கி: தீபாவளிக்கு முதல் நாள் கூண்டு வாங்கிட்டு வந்து உள்ள தள்ளிப் பூட்டாதீங்க சாமிகளா. ஒரு ரெண்டு மாசம் முன்னாடியே ஆரம்பிங்க. உடைஞ்ச பல்லு திரும்ப முளைக்காது.