மேல்முறையீட்டு வாய்ப்பும் உயர் நீதிமன்றத்தின் கடமையும்

‘மேல்முறையீடு செய்ய வழியிருக்க, இங்கே ஏன் வந்தீர்கள்?’ வெளியேற்ற ஆணையை எதிர்த்து உயர் நீதிமன்றத்தை நாடும் எளிய மக்கள் பெரும்பாலும் முதலில் எதிர்கொள்ளும் கேள்வி இது. இதற்குரிய விடையை நாம் அறிந்திருப்பது அவசியம். மனு தள்ளுபடியாகி, மேல்முறையீடு விசாரணைக்கு வருவதற்குள் வீடு இடிக்கப்பட்டுவிட்டால், பின்னர் கிடைக்கும் வெற்றியால் பயனில்லை.

அரசமைப்புச் சட்டத்தின் 226ஆம் பிரிவில் இத்தகைய தடை ஏதுமில்லை. நெருக்கடி நிலைக் காலத்தில், 1976இன் 42ஆவது திருத்தம், அடிப்படை உரிமை சாராத குறைகளுக்கு வேறு தீர்வழி இருந்தால் நீதிப்பேராணை மனுவை ஏற்கக் கூடாது என்றது. 1978இன் 44ஆவது திருத்தம் அத்தடையை நீக்கியது. மாற்றுத் தீர்வழியை முதலில் நாட வேண்டும் என்பது நீதிமன்றத்தின் விருப்புரிமை சார்ந்த கொள்கையே தவிரக் கட்டாயச் சட்ட விதியன்று என்று உச்ச நீதிமன்றம் முகமது நூ வழக்கில் 1957ஆம் ஆண்டிலேயே கூறிவிட்டது.

வேர்ல்பூல் வழக்கு (1998) இதற்கான விதிவிலக்குகளைத் தொகுத்தது: அடிப்படை உரிமையை நிலைநாட்டக் கோருதல், இயற்கை நீதி மீறப்படுதல், அதிகார வரம்பே இல்லாத ஆணை, சட்டத்தின் செல்லுந்தன்மையையே எதிர்த்தல். ராதா கிருஷன் இண்டஸ்ட்ரீஸ் வழக்கு (2021) இவற்றை மீண்டும் உறுதிசெய்தது.

தமிழ்நாட்டு நில ஆக்கிரமிப்புச் சட்டம், 1905இன்படி, வெளியேற்றும் முன் விளக்கம் கோரும் அறிவிப்பு தரப்பட வேண்டும். ஆணைக்கு எதிராக மேல்முறையீடும் உண்டு. அறிவிப்பே தராமலோ, அளித்த விளக்கத்தைப் பரிசீலிக்காமலோ ஆணையிட்டால் அது இயற்கை நீதி மீறல். அப்போது உயர் நீதிமன்றத்தை நேரடியாக நாடலாம். ஆனால், நிலம் புறம்போக்கா பட்டாவா, அளவை சரியா என்பன போன்ற உண்மை குறித்த பூசல்களை நீதிமன்றம் பொதுவாக அங்கே தீர்மானிப்பதில்லை. அவற்றுக்கு மேல்முறையீடே வழி. மேல்முறையீடு செய்த மாத்திரத்தில் ஆணை நின்றுவிடாது; தடையாணையையும் சேர்த்துக் கோர வேண்டும். அக்கோரிக்கை கிடப்பில் போடப்பட்டால், அது முடிவாகும்வரை வெளியேற்றத்தை நிறுத்திவைக்குமாறு உயர் நீதிமன்றத்தை அணுகலாம்.

2024 நவம்பர் 13 அன்று உச்ச நீதிமன்றம், இடிப்பு ஆணை கிடைத்த நாளிலிருந்து 15 நாள்களுக்கு அதை நிறைவேற்றக் கூடாது என நெறிமுறை வகுத்தது. மேல்முறையீட்டுக்கு அவகாசம் தருவதே இதன் நோக்கம். ஆனால் சாலை, நடைபாதை, இருப்புப்பாதை ஓரம், ஆறு, நீர்நிலை ஆகிய இடங்களில் உள்ள அனுமதியற்ற கட்டுமானங்களுக்கு இந்நெறிமுறை பொருந்தாது. ஊருக்குள் நிலம் மறுக்கப்பட்ட மக்கள் ஒதுங்கி வாழ்வது பெரிதும் இத்தகைய இடங்களில்தான். பாதுகாப்பு மிகுதியும் தேவைப்படுவோரே அதற்கு வெளியே நிறுத்தப்பட்டுள்ளனர். எனினும் இவ்விலக்கு, 1905ஆம் ஆண்டுச் சட்டம் விதிக்கும் முன்னறிவிப்புக் கடமையை அகற்றிவிடவில்லை என்பதே நம் வாதம்.

மேல்முறையீடு ஏட்டில் உள்ளதா என்பதோடு நீதிமன்றம் நின்றுவிடலாகாது. அது விசாரிக்கப்படும் நாளில் வீடு நிற்குமா என்றும் கேட்க வேண்டும். களத்தில் உள்ள தோழர்கள் அறிவிப்பு கிடைத்த தேதியைக் குறித்துவையுங்கள். விளக்கத்தை எழுத்தில் கொடுத்து ஒப்புகை பெறுங்கள். மேல்முறையீட்டுக் காலக்கெடுவைத் தவறவிடாதீர்கள். நீதிமன்றத்தில் நமக்குத் துணைநிற்பவை இந்த ஆவணங்களே.