மீனுக்குக் கிடைத்த பெயர்

சினூக் பழங்குடியினரின் அங்கீகாரக் கோரிக்கை பற்றிய செய்தி ஒன்றை வாசித்தேன். கொலம்பியா ஆற்று முகத்துவாரத்தில் தலைமுறை தலைமுறையாக மீன்பிடித்து வாழ்ந்தவர்கள். பசிபிக் சால்மன்களில் மிகப் பெரியதற்கு அவர்கள் பெயர்தான். ராணுவ ஹெலிகாப்டருக்கும் அதே பெயர். அமெரிக்க அரசோ 2001 ஜனவரியில் அவர்களைத் தனிப் பழங்குடியாக ஏற்றது. அடுத்து வந்த ஆட்சி 2002இல் அதை ரத்து செய்துவிட்டது. மீனின் அறிவியல் பெயர் இன்னும் வேடிக்கை: 1792இல் ஜெர்மானியரான வால்பாம் பதிவுசெய்தது, கடலுக்கு அந்தப் பக்கம் ரஷ்யாவின் கம்சாட்காவில் வழங்கிய பெயரை! அலாஸ்காக்காரர்களுக்கு அது ‘கிங் சால்மன்’. மாநில மீனே அதுதான். விற்பனைக்கு ராஜா பட்டம் எடுப்பாக இருக்கும், ஒப்புக்கொள்கிறேன். ஆனாலும் மீன்கடைப் பலகையில் ‘சினூக்’ என்றே எழுதினால்தான் எனக்குப் பிடிக்கும். வாங்குகிறவர் யாராவது அது யார் பெயர் என்று கேட்கக்கூடும்.