நாய்க்கு ஊசி, மாமாவுக்கு பனடோல்

யாழ்ப்பாணம் போகிற ஒவ்வொரு முறையும் எங்கள் வீட்டில் ஒரு சூட்கேஸ் நிறையப் பயத்தையும் கட்டிக்கொண்டுதான் போவோம். ஹேண்ட் சனிடைசர், வயிற்றோட்ட மாத்திரை, நுளம்புக் கிறீம், வெட் வைப்ஸ் நாலு பக்கெட். "கிணத்துத் தண்ணி குடியாதை, வெறுங்காலோட நிக்காதை, தெரு நாயைத் தொடாதை" என்று அம்மா பியர்சன் விமான நிலையம் வரைக்கும் சொல்லிக்கொண்டே வருவா. திரும்பி வந்து ஒஷாவா வீட்டுக்குள் கால் வைத்ததும் அந்தப் பயம் போன இடம் தெரியாது. கிருமி அங்கே, சுத்தம் இங்கே. உங்கள் வீட்டிலும் கிட்டத்தட்ட இதே கணக்குத்தான் ஓடும் என்று நினைக்கிறேன்.

இந்தக் கணக்கு பிழை என்பது என் கருத்து. அதனால் இங்கேயும் அங்கேயும் ஆட்கள் தேவையில்லாமல் ஆபத்தில் விழுகிறார்கள். ஒரே ஒரு கிருமியை வைத்து அதைச் சொல்லப் பார்க்கிறேன்.

2024 நவம்பர் கடைசியில் வடக்கில் பெய்த மழை ஞாபகம் இருக்கும். வயல், வீதி, வீடு எல்லாம் வெள்ளம். நாங்கள் இங்கிருந்து வீடியோ பார்த்தோம், காசு சேர்த்தோம், உலர் உணவுப் பொதிகளுக்கு ஒழுங்கு செய்தோம். வெள்ளம் வடிந்ததும் அடுத்த வேலைக்குப் போய்விட்டோம். டிசம்பர் நடுப்பகுதிக்குள் யாழ்ப்பாணத்தில், முக்கியமாக வடமராட்சிப் பக்கம், காய்ச்சலோடு வைத்தியசாலைக்குப் போன 7 பேர் சில நாட்களுக்குள் இறந்துபோனார்கள். முதலில் செய்திகளில் வந்த பெயர் "இனந்தெரியாத காய்ச்சல்". பரிசோதனை முடிவு வந்தபோது அது ஊருக்கு நன்றாகவே தெரிந்த ஒன்றுதான்: எலிக்காய்ச்சல். லெப்டோஸ்பைரோசிஸ்.

எலி கடித்தால் வருவது என்று கனபேர் நினைக்கிறார்கள். கடிக்கவே தேவையில்லை. லெப்டோஸ்பைரா என்கிற பக்டீரியா எலியின் சிறுநீரகத்துக்குள் குடியிருக்கிறது. எலிக்கு ஒன்றும் செய்வதில்லை; அது பாட்டுக்கு ஓடித்திரியும், ஆனால் வாழ்நாள் முழுக்கச் சிறுநீரில் கிருமியை விட்டுக்கொண்டே இருக்கும். அந்தச் சிறுநீர் வயல் தண்ணீரில் கலக்கிறது. காய்ந்த இடத்தில் கிருமி கெதியாகச் செத்துவிடும், ஈர மண்ணில் வாரக்கணக்கில், சிலவேளை மாதக்கணக்கில் தாக்குப்பிடிக்கும். நாள் முழுக்கச் சேற்றில் நின்று ஊறிப்போன காலில் ஒரு சின்னக் கீறல் இருந்தால் போதும். கண், மூக்கு, வாய் வழியாகவும் போகும். ஒரு ஆளிடமிருந்து இன்னொரு ஆளுக்குத் தொற்றுவது மிக அரிது. மனிதன் இந்தக் கிருமிக்கு வீடு இல்லை, தவறுதலாக வந்து விழுந்த இடம். அதனால்தானோ என்னவோ, வீட்டுக்காரனான எலியோடு இருக்கிற சமாதானம் எங்களோடு இல்லை.

மைக்ரோஸ்கோப்பில் பார்த்தால் மெல்லிய சுருள் நூல் மாதிரி இருக்கும், நுனி கொக்கி போல வளைந்திருக்கும். 1907இல் மஞ்சள் காய்ச்சலால் இறந்ததாக நினைத்த ஒருவரின் சிறுநீரகத் துண்டில் இதைக் கண்ட ஆர்தர் ஸ்டிம்சன் என்ற அமெரிக்க வைத்தியர், கேள்விக்குறி போல இருக்கிறது என்று "இன்டெரோகன்ஸ்" என்று பெயர் வைத்தார். எனக்கு இந்தப் பெயர் மிகவும் பிடிக்கும். ஏனென்றால் இந்த நோயைப் பிடிக்க வழியே கேள்வி கேட்பதுதான்.

திடீர்க் காய்ச்சல், தலையிடி, உடம்பு உளைவு. டெங்குவிலும் இதுதான் வரும். யாழ்ப்பாணத்தில் டிசம்பர் என்றால் டெங்குக் காலமும்கூட. எலிக்காய்ச்சலில் கெண்டைக்கால் தசை தொடமுடியாமல் நோகும், கண் சிவக்கும், ஆனால் பீளை இருக்காது. இது எல்லாருக்கும் வருவதுமில்லை. முதல் வாரத்தில் எதிர்ப்பொருள் பார்க்கிற இரத்தப் பரிசோதனை பெரும்பாலும் ஒன்றும் காட்டாது. டெங்குவுக்கு அன்டிபயோட்டிக் வேலை செய்யாது. எலிக்காய்ச்சலுக்குச் செய்யும், பென்சிலினும் டொக்சிசைக்ளினும் போதும், ஆனால் நேரத்தோடு. பிந்தினால் மஞ்சட்காமாலை, சிறுநீரகம் செயலிழத்தல், நுரையீரலுக்குள் இரத்தக் கசிவு. ஆகவே வைத்தியர் முடிவு வரும்வரை காத்திருக்காமல் ஊகித்துத்தான் மருந்து தொடங்கவேண்டும். ஊகிப்பதற்கு அவருக்கு ஒரு தகவல் தேவை: இந்த ஆள் போன இரண்டு, மூன்று வாரத்தில் எங்கே கால் வைத்தார்?

இனி ஒஷாவாவுக்கு வருவோம். எங்கள் நாய்க்கு வருடாந்த ஊசிக்குப் போனபோது வெட் கேட்ட முதல் கேள்விகள்: "க்ரீக் பக்கம் நடக்கக் கூட்டிக்கொண்டு போவீர்களா? தேங்கி நிற்கிற தண்ணியை நக்குவாரா? பின்வளவுக்கு ரக்கூன் வருமா?" மூன்றுக்கும் ஆம். ஒஷாவா க்ரீக் ஊரின் நடுவாலேயே ஓடி ஒன்ராறியோ ஏரிக்குப் போகிறது. ரக்கூன் பற்றிச் சொல்லவே வேண்டாம், எங்கள் கிறீன் பின்னை என்னைவிடக் கெதியாகத் திறக்கும். தென் ஒன்ராறியோ ரக்கூன்களும் இதே லெப்டோஸ்பைராவைக் காவுகின்றன. நாய்க்குத் தொற்றினால் சிறுநீரகமும் ஈரலும் பழுதாகும், வீட்டு ஆட்களுக்கும் வரலாம். அதற்காகவே 4 வகை லெப்டோவுக்கு எதிரான தடுப்பூசி நாய்க்கு இருக்கிறது. முதலில் இரண்டு ஊசி, பிறகு வருடத்துக்கு ஒன்று.

சாவகச்சேரிப் பக்கம் எங்கள் மாமாவுக்கு 12 பரப்பு வயல் இருக்கிறது. ஒரு மழைக்காலம் அவருக்குக் காய்ச்சல் வந்தது. "வேலைக் களைப்புத்தான்" என்று நாலு நாள் பனடோலோடு படுத்திருந்தார். வட்ஸ்அப் குடும்பக் குரூப்பில் கொத்தமல்லி அவித்துக் குடிக்கச் சொன்னவர்கள் 9 பேர், எண்ணிப் பார்த்தேன். ரொறன்ரோ, லண்டன், பாரிஸ் எல்லாம் சேர்ந்து. வயலுக்குள் இறங்கினீங்களா என்று ஒருவரும் கேட்கவில்லை. கடைசியில் மாமிதான் இழுக்காத குறையாக ஓட்டோவில் ஏற்றிக்கொண்டு போனா. வாசலில் இருந்த நேர்ஸ் முதல் கேட்டதே வயலைப் பற்றித்தான். சிறுநீரகம் பாதிக்கப்பட்டிருந்தது, ஆனால் பிழைத்துக்கொண்டார்.

நாயிடம் கேட்கிற கேள்வியை மாமாவிடம் நாங்கள் ஏன் கேட்பதில்லை? நாய்க்கு வருத்தம் சொல்லத் தெரியாது, ஆகவே அதன் காலும் வாயும் போன இடத்தை விசாரிக்கிறோம். மனிதனுக்குச் சொல்லத் தெரியும் என்பதால் "என்ன செய்யுது" என்று மட்டும் கேட்டுவிட்டு நிறுத்திவிடுகிறோம். இங்கேயும் அதே கதைதான். ஊரிலிருந்து வந்து ஒரு வாரத்தில் காய்ச்சல் என்று வாக்-இன் க்ளினிக் போனால், ஒரு வாக்கியம் நீங்களாகச் சொல்லவேண்டும்: எங்கே போனேன், எந்தத் தண்ணியில் நின்றேன். அவசரத்தில் இருக்கிற டொக்டர் கேட்காமல் விடலாம். கொட்டேஜ் போய் ஏரியில் நீந்தினாலும் அதைச் சொல்லுங்கள். 1998இல் அமெரிக்காவின் இல்லினோய் மாநிலத்தில் ட்ரையத்லோன் போட்டிக்காக ஏரியில் நீந்திய வீரர்களுக்கு எலிக்காய்ச்சல் வந்தது. 2000இல் மலேசியாவின் சபாவில் நடந்த சாகசப் போட்டியில் ஆற்றில் இறங்கியவர்களுக்கும் வந்தது, அதிலே பலர் பணக்கார நாட்டுக்காரர். கிருமி பாஸ்போர்ட் பார்ப்பதில்லை, ஈரத்தைப் பார்க்கிறது.

ஆனால் எல்லாருக்கும் சமமான ஆபத்து என்று சொல்லவில்லை. உலகத்தில் வருடத்துக்குச் சுமார் 10 இலட்சம் பேருக்கு வருகிறது, கிட்டத்தட்ட 59,000 பேர் இறக்கிறார்கள் என்று 2015இல் வெளியான கணிப்பு சொல்கிறது. இறப்பவர்களில் ட்ரையத்லோன்காரர் எத்தனை பேர் இருப்பார்கள்? சேற்றில் நிற்பதுதான் தொழில் என்று இருப்பவர்களே கூட. இலங்கையில் 2008இல் மட்டும் 7,000க்கு மேற்பட்டவர்களுக்கு வந்ததாகப் பதிவு. அந்தமானில் 1980களின் கடைசியில் மழைக்காலம் முடிகிறபோதெல்லாம் வந்த ஒரு மர்மக் காய்ச்சலுக்கு "அந்தமான் இரத்தக்கசிவுக் காய்ச்சல்" என்று தனிப் பெயரே வைத்திருந்தார்கள். 1990களில்தான் அதுவும் லெப்டோ என்று தெரிந்தது.

நாய்க்குத் தடுப்பூசி இருக்கிறது, மனிதனுக்கு ஏன் இல்லை என்று கேட்பீர்கள். கியூபா, பிரான்ஸ் போன்ற சில நாடுகளில் இருக்கிறது. இந்தக் கிருமியில் 250க்கு மேல் உபவகைகள். ஒன்றுக்குப் போடும் ஊசி மற்றதற்குச் சரியாக வேலை செய்யாது. எந்தத் தோட்டத்தில் எந்த வகை என்று தேடி ஊசி செய்ய யார் காசு போடுவார்கள்? விவசாயியிடம் அந்தக் காசு இல்லை. இலங்கையில் அதற்குப் பதிலாக, வயலில் இறங்குகிற காலத்தில் வாரம் ஒருமுறை டொக்சிசைக்ளின் இலவசமாகக் கொடுக்கிறார்கள். பொதுச் சுகாதாரப் பரிசோதகரிடமோ சுகாதார வைத்திய அதிகாரி பணிமனையிலோ கேட்கலாம். கர்ப்பிணிகளுக்கும் சின்னப் பிள்ளைகளுக்கும் அது சரிவராது, ஆகவே பக்கத்து வீட்டு மாத்திரையை வாங்கி விழுங்கக்கூடாது.

மாட்டைப் பற்றியும் ஒரு வார்த்தை. லெப்டோ பிடித்த பசுவுக்குக் கன்று கலையும், பால் குறையும். அதை மிருக வைத்தியர் பார்ப்பார். அதே வளவில் மாட்டுக்காரருக்குக் காய்ச்சல் வந்தால் வேறு கட்டடம், வேறு புத்தகம், வேறு வரிசை. பசுவுக்குக் கன்று கலைந்த செய்தி மாட்டுக்காரரின் வைத்தியருக்குப் போய்ச் சேர்ந்தால் எத்தனை நாள் மிச்சம்? வெட்டரினரி படிக்கப் போகிறேன் என்று சொன்னால் "ஏன், டொக்டருக்குக் கிடைக்கேல்லையோ" என்று கேட்கிற எங்கள் ஆட்களுக்கு இந்த இடத்தைத்தான் காட்டவேண்டும்.

எங்கள் ஊர்ச் சங்கங்களிடமும் ஒன்று கேட்கிறேன். வெள்ளத்துக்குச் சேர்க்கிற காசை முதல் வாரத்திலேயே முடித்துவிடாதீர்கள். தொற்றி 5 முதல் 14 நாளில்தான் பெரும்பாலும் காய்ச்சல் தொடங்கும். அதாவது முகாம் மூடி, சமையல் பாத்திரம் கழுவி, படம் எல்லாம் பேஸ்புக்கில் போட்டு முடிந்த பிறகு. அந்த இரண்டாவது வாரத்துக்கு ஒரு பங்கு வையுங்கள். றப்பர் பூட்ஸ் வாங்கலாம், கிணறு இறைத்துத் துப்புரவாக்கலாம், காய்ச்சல்காரரை வைத்தியசாலைக்குக் கொண்டுபோக ஓட்டோச் செலவு கொடுக்கலாம். இவை எதுவும் படத்தில் வடிவாக வராது என்று தெரியும்.

காலபோகத்துக்கு வயல் உழுகிற நேரம் வரும்போது மாமாவுக்கு அழைப்பு எடுப்பேன். பூட்ஸ் போட்டால் சேற்றில் இழுபட்டு நடக்க ஏலாது என்று அவர் சொல்லுவார், அது உண்மையும்கூட. மாத்திரை எடுத்தீங்களா என்று கேட்பேன். மாமியையும் அதே அழைப்பில் வைத்துக்கொண்டுதான் கேட்பேன், அப்போதுதான் உண்மையான பதில் வரும்.