முன்ஜாமீன் தள்ளுபடி... பிறகென்ன?

`முன்ஜாமீன் மனு தள்ளுபடி' என்ற செய்தி வந்த பிறகு காவல்துறை என்ன செய்கிறது என்பதில்தான் சட்டத்தின் நேர்மை வெளிப்படுகிறது. தமிழ்நாட்டில் அது ஆளுக்கொரு விதமாக இருப்பதுதான் வேதனை.

பெண் பத்திரிகையாளர்களை இழிவுபடுத்தும் பதிவை முகநூலில் பகிர்ந்த வழக்கில், நடிகர் எஸ்.வி.சேகரின் மனுவை 2018 மே 10 அன்று சென்னை உயர் நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. இடையில் சில நாள்கள் உச்ச நீதிமன்றத்தின் பாதுகாப்பு அவருக்கு இருந்தது. அது இல்லாத நாள்களிலும் கைது நடக்கவில்லை. ஜூன் 20-ல் அவரே எழும்பூர் நீதிமன்றத்தில் ஆஜராகி ஜாமீன் பெற்றார். பின்னர் 2024-ல் அதே வழக்கில் அவருக்கு ஒரு மாதச் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது. ஆவின் வேலை மோசடி வழக்கில் முன்னாள் அமைச்சர் ராஜேந்திர பாலாஜியின் மனு 2021 டிசம்பர் 17-ல் தள்ளுபடியானது. தலைமறைவான அவர், ஜனவரி 5-ல்தான் கர்நாடகத்தின் ஹாசனில் பிடிபட்டார். தெலுங்கு மக்கள் குறித்த பேச்சுக்காக வழக்கைச் சந்தித்த நடிகை கஸ்தூரியின் மனு 2024 நவம்பர் 14-ல் தள்ளுபடி. 16-ம் தேதி ஹைதராபாத்தில் கைது!

ஒருவருக்கு இரண்டே நாள், இன்னொருவருக்கு ஏறக்குறைய மூன்று வாரம், வேறொருவருக்குக் கைதே இல்லை. வழக்குகள் வெவ்வேறானவைதான். ஆனால், இந்த வேறுபாட்டுக்கான காரணத்தைக் காவல்துறை மக்களுக்குச் சொன்னதே இல்லை. அதனால்தான், ஆட்சியில் இருப்பவர் யார், சிக்கியவர் யார் என்று பார்த்தே போலீஸ் நகர்கிறது என்ற எண்ணம் மக்கள் மனதில் வேரூன்றிவிட்டது.

அரசியல் செல்வாக்குள்ளவர்கள் எதிரிகளைப் பொய் வழக்கில் சிக்கவைத்து அவமானப்படுத்துவதைத் தடுக்கவே, 1969-ல் சட்ட ஆணையம் தன் 41-வது அறிக்கையில் முன்ஜாமீனைப் பரிந்துரைத்தது. 1973-ன் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 438-வது பிரிவாக நுழைந்து, இன்று பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 482-வது பிரிவாகத் தொடர்கிறது. தனிமனித சுதந்திரத்துக்கான இந்த ஏற்பாட்டை நாம் மதிக்கிறோம். மனு தள்ளுபடியானாலே ஒருவர் குற்றவாளி ஆகிவிடுவதில்லை. மேல்முறையீடு அவரது உரிமை. ஏழாண்டு வரை தண்டனைக்குரிய வழக்குகளில், கைது ஏன் தேவை என்று போலீஸ் எழுத்தில் பதிய வேண்டும் என்று 2014-ல் அர்னேஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதும் சரியே. ஆனால், மேல்முறையீடு செய்வது வேறு. செல்போனை அணைத்துவிட்டு மாநிலம் தாண்டி ஒளிவது வேறு.

தாமதத்தின் விலையைக் கொடுப்பவர்கள் புகார் கொடுத்தவர்கள்தான். சாதி வன்கொடுமை நடந்த ஊரை நினைத்துப்பாருங்கள். குற்றம்சாட்டப்பட்டவர் அதே தெருவின் டீக்கடையில் உட்கார்ந்திருப்பார். புகார் கொடுத்த பெண்ணின் வீட்டுக்கு ஊர்ப் பெரியவர்கள் வந்து, `சமாதானமாப் போயிடும்மா' என்பார்கள். இந்த மிரட்டலை உணர்ந்துதான், 1989-ன் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் 18-வது பிரிவில் முன்ஜாமீனுக்கே தடை போட்டது. 2018-ல் நாடாளுமன்றம் கொண்டுவந்த திருத்தம் அந்தத் தடையை மீண்டும் உறுதிசெய்தது. முகாந்திரமே இல்லாத புகார்களில் மட்டும் விலக்கு உண்டு என்று சொல்லி, 2020-ல் உச்ச நீதிமன்றமும் அதை ஏற்றது. நாடாளுமன்றம் அடைத்த வழியைக் காவல் நிலையத்தின் மெத்தனம் திறந்துவிடலாமா?

மறுபக்கம், அடிதடி வழக்கில் இரவோடு இரவாக அழைத்துச் செல்லப்படும் கூலித் தொழிலாளிக்கு முன்ஜாமீன் என்ற ஒன்று இருப்பதே தெரியாது. ஜாமீன் கிடைத்த பிறகும், உத்தரவாதம் தர இரண்டு ஜாமீன்தாரர்கள் கிடைக்காமல் அவர் சிறையிலேயே கிடப்பார். அவரைப் பிடிப்பதற்கு மட்டும் தனிப்படை தேவைப்படுவதே இல்லை.

இதற்குத் தீர்வு கடினமானதல்ல. முன்ஜாமீனை மறுக்கும் நீதிமன்றம், குறிப்பிட்ட நாள்களுக்குள் காவல்துறையிடம் எழுத்துபூர்வமான அறிக்கை கேட்கட்டும். கைது செய்தீர்களா, இல்லையென்றால் ஏன், புகார்தாரருக்கு என்ன பாதுகாப்பு தந்தீர்கள் என்ற கேள்விகளுக்கு அதில் பதில் இருக்கட்டும். மாநில அரசும் டி.ஜி.பி-யும் நினைத்தால், நீதிமன்றம் கேட்கும் முன்பே இதை நடைமுறையாக்கலாம். தள்ளுபடி உத்தரவுக்குப் பிறகு கைது செய்தாலும் செய்யாவிட்டாலும், காவல்துறை அதற்குக் காரணம் சொல்லியே ஆக வேண்டும். அமைச்சராக இருந்தவருக்கும் அன்றாடங்காய்ச்சிக்கும் அந்தக் காரணம் ஒரே அளவுகோலில் இருக்க வேண்டும்!